1249 என்று யார் சொன்னது?

ஏட்டுப்பூச்சி:
பக்கத்து இழையில் ஒருவர் "ஆக்ஸ்ஃபோர்டிலேயே மூத்தது யுனிவர்சிட்டி கல்லூரி, 1249இல் தொடங்கியது" என்று போட, நாற்பது பேர் கைதட்டியிருக்கிறீர்கள். 1249இல் நடந்தது ஒரே காரியம்: டர்ஹம் வில்லியம் என்ற மதகுரு போப்பின் அவையிலிருந்து திரும்பும் வழியில் பிரான்சின் ருவான் நகரில் செத்துப்போனார். ஆக்ஸ்ஃபோர்டு பல்கலைக்கழகத்துக்கு, படிப்பாளிகளைப் பராமரிக்க, 310 மார்க் விட்டுப்போனார். ஒரு மார்க் 13 ஷில்லிங் 4 பென்ஸ். ஆக 206 பவுண்டு 13 ஷில்லிங் 4 பென்ஸ். அந்தக் காசில் முதல் வீடு வாங்கியது 1253இல். நான்கு பேருக்கு விதிமுறை எழுதியது 1280இல். கல்யாணத்துக்குச் சீட்டுப் போட்ட நாளைக் கல்யாண நாள் என்பீர்களோ?

மணிக்கூண்டு:
வந்துட்டார்யா. கோயிலுக்குக் கட்டளை எழுதிவைத்தால், எழுதிய நாள்தான் கட்டளையின் நாள். விளக்கு பத்து வருஷம் கழித்து எரிந்தாலும் எண்ணெய் அவர் காசு. 1249 என்றால் 1249தான்.

ஏட்டுப்பூச்சி:
விளக்கு எரிந்ததா? காசைப் பல்கலைக்கழகமே தன் செலவுக்குக் கைமாற்று எடுத்துக்கொண்டது. 1280இல் கணக்குப் பார்க்க உட்கார்ந்ததே அதனால்தான். ஆக்ஸ்ஃபோர்டின் இன்னொரு பழைய கல்லூரியான மெர்ட்டனுக்கு 1264இலேயே விதிமுறை உண்டு. பெயர், சொத்து, தலைவர், எல்லாம் எழுத்தில். உங்கள் கல்லூரிக்கு அப்போது சில வீடுகளும் ஒரு கடன் பாக்கியும்.

மணிக்கூண்டு:
அந்த 1264இல் மெர்ட்டனின் வீடு எங்கே இருந்தது என்று சொல்ல மறந்துவிட்டீர்களே ஐயா. சர்ரேயில், மால்டன் கிராமத்தில். ஆக்ஸ்ஃபோர்டுக்கு இடம்பெயர்ந்ததைச் சொல்லும் விதிமுறை 1274. இதையும் எழுதுங்கள்.

ஏட்டுப்பூச்சி:
நிர்வாகம் மால்டனில், மாணவர்கள் ஆக்ஸ்ஃபோர்டில். அரைகுறையாக எடுத்துப் போடுவது உங்கள் பழைய பழக்கம், போன மாத இழையிலும் பார்த்தோம். 1253இல் வாங்கிய உங்கள் வீடு இப்போது யாரிடம்? அந்த இடத்தில் பிரேஸ்னோஸ் கல்லூரி நிற்கிறது.

சந்துமுனை:
அப்போ யுனிவர்சிட்டி கல்லூரியைப் பழைய ஆங்கிலேய மன்னர் ஆல்ஃபிரட் கட்டினார் என்பது பொய்யா? 872 என்று படித்தேனே.

ஏட்டுப்பூச்சி:
வாங்க தம்பி, உங்களைத்தான் தேடினேன். 1380களில் ஒரு நிலவழக்கில் ராஜாவின் தயவு தேவைப்பட்டபோது கிளப்பிவிட்ட கதை அது. கல்லூரித் தலைவர் தேர்தலில் தகராறு வந்து வழக்கு நடந்தபோது, 1727இல் நீதிமன்றமும் "ஆம், அரச நிறுவனம்தான்" என்று முத்திரை குத்திவிட்டது. 1872இல் ஆயிரமாவது ஆண்டு விருந்தும் நடந்தது. ஆண்டை இஷ்டத்துக்கு இழுக்கும் வியாதி அந்தக் கல்லூரிக்கு அன்றே உண்டு. 1249 அதன் மிச்சம்.

மணிக்கூண்டு:
ஆல்ஃபிரட் கதையை நான் எங்கே சொன்னேன்? 872 பொய் என்பதால் 1249 பொய்யாகிவிடாது. இது கூடவா புரியாது?

கண்ணாடிக்கடை:
கல்லூரிக்கு வயது எதுவானாலும் அங்கே பார்க்க வேண்டியது தேவாலயத்து ஜன்னல்கள். செய்தவர் ஆபிரகாம் வான் லிங்கெ, 1641. பக்கத்து இழைப் பதிவில் "வண்ணக் கண்ணாடித் துண்டுகளை ஒட்டியவை" என்று எழுதியிருப்பது தப்பு. உருக்கும்போதே நிறம் ஏற்றி, வெட்டி, ஈயப்பட்டையில் கோர்ப்பது பழைய முறை. இவர் செய்தது எனாமல். நிறக் கண்ணாடியை மாவாக அரைத்து, சீக்கிரம் உருக வைக்கும் இளக்கி சேர்த்து, பிசின் நீரில் குழைத்து, வெள்ளைக் கண்ணாடிமேல் தீட்டிச் சூளையில் சுடுவது. சூடு குறைந்தால் பிடிக்காது, மிஞ்சினால் அடிக்கண்ணாடியே வளையும். எனாமலும் கண்ணாடியும் ஒரே அளவில் விரிந்து சுருங்குவதில்லை. உள்பக்கம் நீர் கோர்த்தால் செதில் செதிலாகக் கழன்றுவிடும், நீலம்தான் முதலில் போகும். வெள்ளி உப்பில் வரும் மஞ்சள் கண்ணாடிக்குள்ளேயே இறங்கிவிடுவதால் உதிராது. ஈரத்துணியால் துடைத்தால் தூசியோடு ஓவியமும் வரும்.

மணிக்கூண்டு:
அருமை. ஆனால் ஜன்னல் 1641, தேவாலயம் அபிஷேகமானது 1666. இருபத்தைந்து வருஷம் கிடப்பில் கிடந்த ஜன்னலை யாரும் 1666 ஜன்னல் என்பதில்லை. ஏட்டுப்பூச்சி கவனிக்கவும்.

ஏட்டுப்பூச்சி:
ஜன்னல் 1641இல் செய்து முடித்த பொருள். 1249இல் என்ன முடிந்திருந்தது? ஓர் ஆயுள்.

தென்னாட்டான்:
அதே தேவாலயத்தில் ஃபிளாக்ஸ்மன் செதுக்கிய, கல்கத்தா நீதிபதி வில்லியம் ஜோன்ஸின் நினைவுச் சிற்பத்தை ஏன் ஒருவரும் தொடவில்லை? ஜோன்ஸ் நாற்காலியில் உட்கார்ந்து எழுதுகிறார், பண்டிதர்கள் மூவர் தரையில். கீழே, இந்து முகமதிய சட்டத் தொகுப்பை "அவர் உருவாக்கினார்" என்று வாசகம். இந்துச் சட்டத் தொகுப்பைச் செய்தவர் ஜகந்நாத தர்க்கபஞ்சானனர். அதை மொழிபெயர்த்தவரும் ஜோன்ஸ் இல்லை, கோல்புரூக். ஜோன்ஸ் 1794இலேயே இறந்துவிட்டார்.

கண்ணாடிக்கடை:
வேலையைத் திட்டமிட்டு, பண்டிதர்களை அமர்த்தியவர் ஜோன்ஸ். மனுநூலை மொழிபெயர்த்தவரும் அவரே. சிற்பத்தில் அவர் கேட்டு எழுதுகிறார், பாடம் நடத்தவில்லை.

தென்னாட்டான்:
கேட்டு எழுதுபவனுக்கு நாற்காலி, சொல்பவனுக்குத் தரையா? 1786 உரையில் சமஸ்கிருதம், கிரேக்கம், லத்தீன் உறவைச் சொன்ன புகழ் அவருக்கு. தெலுங்கும் தமிழும் தனிக் குடும்பம் என்று 1816இல் சென்னையில் காட்டிய கம்பெனி அதிகாரி எல்லிஸுக்குப் பளிங்கு எங்கே?

மணிக்கூண்டு:
எல்லிஸ் இந்தக் கல்லூரி ஆளே இல்லை. அவருக்கு ஏன் இங்கே சிலை?

தென்னாட்டான்:
1811இல் நாத்திகத் துண்டுநூலுக்காகத் துரத்திய கவிஞர் ஷெல்லிக்கு மட்டும் குவிமாடம் கட்டி, வெண்பளிங்கில் பிணம் மாதிரி கிடத்தி வைப்பீர்கள்.

ஏட்டுப்பூச்சி:
அந்தச் சிலையும் இவர்கள் கேட்டுச் செய்ததில்லை. சிற்பி ஆன்ஸ்லோ ஃபோர்ட் அதை ரோமில் உள்ள ஷெல்லியின் கல்லறைக்காகச் செய்தார். அங்கே அளவு கொள்ளாமல் இங்கே வந்தது, 1893இல். சந்துமுனை குறித்துக்கொள்ளுங்கள், சிலைக்கு 1893. ஷெல்லி மூழ்கிய 1822 அல்ல. மணிக்கூண்டு கணக்கில் 1822 ஆகிவிடும்.

மணிக்கூண்டு:
நக்கல் போதும். 310 மார்க் யாருடையது? அதற்கு மட்டும் பதில் சொல்லுங்கள்.

ஏட்டுப்பூச்சி:
செத்தவருடையது. 1264.

மணிக்கூண்டு:
1249.