ஹிரோஷிமா – மியாஜிமா ஒருநாள் சுற்றுலா: எந்த நாளில், எந்த வழியில் போவது?

வைகைக்கரை கேட்டது:

வணக்கம். ஏப்ரலில் ஒசாகாவில் ஒரு வாரம் தங்குகிறோம். அதில் ஒரு நாளை ஹிரோஷிமா அருகே உள்ள மியாஜிமா தீவுக்கு வைத்திருக்கிறோம். அப்பா, அம்மா இருவரும் 65 தாண்டியவர்கள். அம்மாவுக்கு முழங்கால் வலி. சமதரையில் எவ்வளவும் நடப்பார், படிதான் சிரமம். எல்லோரும் சைவம், முட்டை மட்டும் உண்டு.

இரண்டு ஏற்பாடுகள் கண்ணில் பட்டன. ஒன்று, ஒசாகாவிலிருந்தே பஸ்ஸில் அழைத்துப் போய் இரவு கொண்டுவந்து விடுவது. இன்னொன்றில் நாமே ரயிலில் ஹிரோஷிமா போய்ச் சேர வேண்டும். காலை 9 மணிக்கு ஸ்டேஷனில் ஆங்கிலம் பேசும் வழிகாட்டி வந்து மியாஜிமாவையும், ஹிரோஷிமா நகரில் அணுகுண்டு வீச்சின் நினைவாக அமைத்த அமைதிப் பூங்காவையும் காட்டுவார். எது மேல்? கடலுக்குள் நிற்கும் அந்தச் சிவப்பு வாசல் சில படங்களில் மிதக்கிறது, சிலவற்றில் ஈரமணலில் நிற்கிறது. எப்போது போனால் எது கிடைக்கும்? கோயில், மலை, பூங்கா எல்லாம் ஒரே நாளில் அடங்குமா? சாப்பாட்டுக்கு என்ன வழி?

---

உப்பங்காற்று எழுதியது:

பஸ்ஸை விட்டுவிடுங்கள். ஒசாகாவிலிருந்து ஹிரோஷிமா 330 கிலோமீட்டருக்கு மேல். போக நாலைந்து மணி நேரம், வர அதே அளவு. தீவில் இரண்டரை மணி நேரம் கிடைத்தால் அதிகம், அதிலும் மதியச் சாப்பாடு ஒரு மணி நேரத்தைத் தின்றுவிடும். ஷின்-ஒசாகா ஸ்டேஷனிலிருந்து நொசோமி என்ற அதிவேக ரயிலில் ஒன்றரை மணி நேரம்கூட ஆகாது. கட்டணம் ஒரு வழிக்குச் சுமார் 10,000 யென். கூடுதல் செலவுதான், ஆனால் முழங்கால் வலி உள்ளவரைப் பத்து மணி நேரம் பஸ்ஸில் உட்கார வைப்பதற்கு இது எவ்வளவோ மேல். கான்சாய்–ஹிரோஷிமா ஏரியா பாஸ் வாங்கினால் இந்த ரயிலும் தீவுக்குப் போகும் ஜேஆர் (ஜப்பான் ரயில்வே) படகும் அதிலேயே அடங்கும். மற்ற நாட்களில் கியோட்டோ, நாரா என்று சுற்றுவதாக இருந்தால் கணக்குப் போட்டுப் பாருங்கள். தீவுக்குள் நுழைய ஆளுக்கு 100 யென் வரி 2023 அக்டோபரிலிருந்து உண்டு. பாஸ் இருந்தாலும் அதைத் தனியாகக் கட்ட வேண்டும்.

அடுத்தது கடல். இதைப் பார்க்காமல் தேதி குறிக்காதீர்கள். மியாஜிமா பயணம் நன்றாக அமைவதும் அமையாததும் வழிகாட்டியைவிட அன்றைய நீர்மட்டத்தைத்தான் பொறுத்தது. ஓத அட்டவணையில் (கடல் ஏறி இறங்கும் நேரப் பட்டியல்) ஹிரோஷிமாவுக்கு சென்டிமீட்டரில் எண் கொடுத்திருப்பார்கள். 250-க்கு மேல் இருந்தால், கரையோரம் உள்ள இட்சுகுஷிமா என்ற ஷின்டோ ஆலயத்தின் தாழ்வாரங்களுக்கு அடியில் தண்ணீர் வந்து, கட்டடம் முழுவதும் மிதப்பதுபோல் தெரியும். 100-க்குக் கீழே போனால் வாசல்வரை நடந்தே போகலாம். இரண்டுக்கும் நடுவில் வாசலைச் சுற்றி மட்டும் தண்ணீர் இருக்கும், ஆலயத்தின் அடியில் ஈரமண் தெரியும்.

நம் வீட்டுத் தினசரி நாட்காட்டியே இதற்குப் போதும். அமாவாசை, பௌர்ணமி அன்றும் அதற்கடுத்த ஓரிரு நாட்களிலும் ஏற்றமும் (கடல் ஏறுவது) பெரிது, வற்றும் (கடல் இறங்குவது) பெரிது. ஹிரோஷிமா விரிகுடாவில் அந்த நாட்களில் ஏற்றம் காலை 9, 10 மணியை ஒட்டியும் வற்று பிற்பகல் 3, 4 மணியை ஒட்டியும் வரும். அதாவது பகல்நேரப் பயணிக்கு இரண்டு காட்சியும் ஒரே நாளில் கிடைக்கும். அதன்பின் ஒவ்வொரு நாளும் முக்கால் மணி, ஐம்பது நிமிடம் என்று தள்ளிக்கொண்டே போகும். அஷ்டமி, நவமி வாக்கில் எல்லாம் தலைகீழ்: காலையில் வற்று, பிற்பகலில் ஏற்றம், இரண்டுமே அரைகுறை. 100-க்குக் கீழே இறங்காமலே போய்விடும் நாட்களும் உண்டு. உங்களுக்குச் சாதகமான ஒரு விஷயம், வசந்த காலத்தில் பகல் வற்று நன்றாக இறங்கும். குளிர்காலத்தில் பெரிய வற்று இரவில் வந்து வீணாகும்.

9 மணிக்கு ஸ்டேஷனில் சேரும் ஏற்பாட்டில் நேரம் இப்படி ஓடும். மியாஜிமாகுச்சிக்கு உள்ளூர் ரயிலில் அரைமணி நேரம், படகுத்துறைக்கு 5 நிமிட நடை, படகு 10 நிமிடம். ஆகவே 10 மணி வாக்கில் தீவில் இறங்கலாம். படகு இரண்டு நிறுவனங்களுடையது. ஜேஆர் படகில் ஏறுங்கள்: காலை 9.10-லிருந்து மாலை 4.10 வரை தீவுக்குப் போகும் வழியில் அது சற்று வளைந்து வாசலுக்கு அருகில் போகும். வலப்புறம் நின்றால் நன்றாகத் தெரியும். திரும்பும்போது அந்த வளைவு கிடையாது.

இறங்கியதும் கடைத்தெருவில் நுழையாமல் கரையோரமாகவே நேரே இட்சுகுஷிமா ஆலயத்துக்குப் போங்கள், 10–15 நிமிடம். நுழைவு 300 யென். பாதை ஒருவழி, கிழக்கில் நுழைந்து மேற்கில் வெளியேற வேண்டும், நடுவில் திரும்பி வர முடியாது. தரை முழுக்கச் சமதளப் பலகை, அம்மாவுக்குச் சிரமம் இருக்காது. அந்தப் பலகைகளைக் குனிந்து பார்க்கச் சொல்லுங்கள்: ஒன்றுக்கொன்று இடைவெளி விட்டுத்தான் பதித்திருப்பார்கள். பெரிய ஏற்றத்தில் அடியிலிருந்து முட்டும் தண்ணீர் அந்த இடுக்குகளின் வழியே மேலே வந்து வடிந்துவிடுவதால் தாழ்வாரம் பெயராமல் நிற்கிறது. தீவே தெய்வம் என்று கருதியதால் மண்மீது கட்டாமல் கடலேறும் இடத்தில் கட்டினார்கள். இன்றைய அமைப்பு தைரா நோ கியோமோரி என்ற போர்த்தலைவர் 1168-ல் எழுப்பியதை ஒட்டியது.

வற்றில் வாசலுக்கு நடந்து போனால் கால்களின் அடியைப் பாருங்கள். 16.6 மீட்டர் உயரம், சுமார் 60 டன். ஆனாலும் கடலடி மண்ணில் புதைக்கப்படவில்லை, தன் எடையாலேயே நிற்கிறது. 1875-ல் எழுப்பியது, 2019-லிருந்து 2022 வரை பழுதுபார்த்தார்கள். நடுக்கால்கள் இரண்டும் கற்பூர மரம். மரத்தின் இயற்கையான புடைப்பும் வளைவும் அப்படியே இருக்கும், நீர் ஏறும் உயரம்வரை சிப்பிகள் ஒட்டியிருக்கும். வெடிப்புகளில் நாணயம் செருகக் கூடாது. உப்புநீரில் அது துருப்பிடித்து மரத்தை அரிக்கும். மணலில் அங்கங்கே கணுக்கால் நனையும், பாசி வழுக்கும். பெற்றோருக்குப் பின்பட்டை வைத்த ரப்பர் செருப்பு எடுத்துக்கொள்ளுங்கள். வற்றுநேரத்துக்கு ஒரு மணி முன்னும் பின்னும்தான் வசதியாக நடக்கலாம்.

---

மலைமுகடு எழுதியது:

கடல் கணக்கு மேலே வந்துவிட்டது. மலைக்கும் கோயிலுக்கும் என் கருத்து.

அமைதிப் பூங்காவையும் தீவில் உள்ள மிசென் மலையையும் ஒரே நாளில் வைக்காதீர்கள். மலைக்கு மட்டும் ஆலயத்திலிருந்து போய்வர மூன்று மணி நேரம் வேண்டும். ரோப்வே இரண்டு கட்டம்: மோமிஜிதானியிலிருந்து சிறிய பெட்டியில் பத்து நிமிடம், கயாதானியில் இறங்கி மாறி, பெரிய பெட்டியில் நாலு நிமிடம். போய்வரச் சுமார் 2,000 யென். "ரோப்வே உச்சிக்கே போகும்" என்று நினைத்துத்தான் பலர் மாட்டிக்கொள்கிறார்கள். அது நிற்கும் ஷிஷிஇவாவிலிருந்து 535 மீட்டர் உச்சிக்கு இன்னும் அரைமணி நேரக் கல்படி. முதலில் இறக்கம், பிறகு ஏற்றம். திரும்பும்போதும் அதே ஏற்றயிறக்கம். ரோப்வே நிலையங்களுக்குள்ளேயும் படிகள் உண்டு. அம்மா ஷிஷிஇவா நிலையத்தை ஒட்டிய பார்வைத் தளம்வரை வரலாம்; செட்டோ உள்நாட்டுக் கடலின் தீவுகள் அங்கிருந்தே விரிந்து தெரியும். காற்று பலமாக வீசினாலும் இடி மின்னல் இருந்தாலும் ரோப்வேயை நிறுத்திவிடுவார்கள். ஆண்டில் சில நாட்கள் பராமரிப்புக்காகவும் மூடுவார்கள். போகும் வாரத்தில் பார்த்துக்கொள்ளுங்கள்.

உச்சிக்குச் சற்றுக் கீழே ரெய்காடோ என்ற சிறு மண்டபம். கூகாய் என்ற பௌத்தத் துறவி மூட்டிய நெருப்பு 1,200 ஆண்டுகளாக அணையாமல் எரிவதாக நம்பிக்கை. அமைதிப் பூங்காவில் 1964-ல் ஏற்றிய சுடருக்கும் இங்கிருந்துதான் தீ எடுத்தார்கள். உள்ளே புகை கண்ணைக் கரிக்கும், சுவரும் கூரையும் கரிபிடித்திருக்கும்.

மலையை விட்டாலும் அதன் அடிவாரத்தில் உள்ள டைஷோ-இன் கோயிலை விடாதீர்கள். இட்சுகுஷிமா ஆலயத்தை விட்டு வெளியேறும் இடத்திலிருந்து சற்று மேடேறினால் பத்து நிமிடம். நுழைவுக் கட்டணம் இல்லை, காலை 8 முதல் மாலை 5 வரை. ஷிங்கோன் பௌத்தப் பிரிவின் கோயில், 806-ல் கூகாய் தொடங்கியதாக மரபு. ஏறும் படியின் நடுவே கைப்பிடிபோல் வரிசையாக உலோக உருளைகள். அவற்றில் பிரக்ஞாபாரமிதா சூத்திரம் என்ற பௌத்த நூல் பொறித்திருக்கும். ஏறிக்கொண்டே கையால் உருட்டினால் ஓதிய பலன் என்பது நம்பிக்கை. பக்கவாட்டுப் படிகளில் பின்னல் குல்லாய் போட்ட 500 அரகதர் (ஞானம் அடைந்த புத்தரின் சீடர்) சிலைகள், ஒவ்வொன்றின் முகமும் வேறு. மேலே ஹென்ஜோகுட்சு என்ற குகையில் ஷிகோகு தீவின் 88 கோயில்களுக்குரிய சிலைகள் இருக்கின்றன. முன்னால் அந்தந்தக் கோயிலின் மண் வைத்திருப்பார்கள். எல்லாப் படியும் ஏற முடியாதவர்கள் கீழ்ப்பகுதியோடு நின்றாலும் குறையில்லை. முக்கால் மணி நேரம் ஒதுக்குங்கள்.

பெரும்பாலான கூட்டச் சுற்றுலாக்கள் இந்தக் கோயிலை விட்டுவிட்டு அந்த நேரத்தைக் கடைத்தெருவுக்குக் கொடுக்கின்றன. அதனால் பணம் கட்டுமுன் நாலு கேள்வி கேளுங்கள்: டைஷோ-இன் உண்டா? தீவில் மொத்தம் எத்தனை மணி நேரம்? படகு, வரி, ஆலய நுழைவு கட்டணத்தில் சேர்ந்ததா? அன்றைய நீர்மட்டத்தைப் பார்த்து வரிசையை மாற்றுவாரா? கடைசிக் கேள்விக்கு ஆம் என்று சொல்பவரையே எடுங்கள். 2018-லிருந்து அரசு உரிமம் இல்லாதவர்களும் கட்டணம் வாங்கி வழிகாட்டலாம் என்று சட்டம் மாறிவிட்டது. உரிமம் உள்ளவரா என்று கேட்பதில் தவறில்லை. வழி கண்டுபிடிக்க வழிகாட்டி தேவையே இல்லை, பலகைகள் எல்லாம் தெளிவு. ஆலயத்திலும் டைஷோ-இன்னிலும் கண்முன் இருப்பதற்குப் பொருள் சொல்லத்தான் ஆள் வேண்டும்.

---

அகல்விளக்கு எழுதியது:

ஆலயத்தை விட்டு வெளியே வந்ததும் பக்கத்திலேயே டைகான்ஜி என்ற பௌத்தக் கோயில். பெரும்பாலோர் நிற்காமல் கடந்துவிடுகிறார்கள். அங்கே இருப்பவர் பென்சைட்டென், அதாவது பௌத்தத்தோடு ஜப்பானுக்குப் போன நம் சரஸ்வதி. பொதுவாகப் பிவா என்ற நரம்பிசைக் கருவியோடு காட்டப்படுபவர். எனோஷிமா, சிகுபுஷிமா, இட்சுகுஷிமா மூன்றும் ஜப்பானின் பெரிய பென்சைட்டென் தலங்கள், மூன்றுமே தீவுகள். 1868-ல் ஜப்பானின் மரபு மதமான ஷின்டோவையும் பௌத்தத்தையும் அரசு பிரித்தபோது ஆலயத்திலிருந்த இந்தத் திருவுருவம் டைகான்ஜிக்கு மாறியது. மூல உருவத்தை ஆண்டுக்கு ஒருமுறை, ஜூன் 17-ல்தான் திறப்பார்கள். ஏப்ரலில் பார்க்கக் கிடைக்காது என்றாலும் உங்கள் அம்மா அங்கே ஐந்து நிமிடம் நின்று கும்பிட விரும்புவார் என்று நினைக்கிறேன்.

சாப்பாடு: தீவின் பெருமை சிப்பியும் விலாங்கு மீன் சோறும். சைவத்துக்கு இடம் குறைவு. காய்கறி உடோன் (தடித்த நூடுல்ஸ்) என்று இருந்தாலும் குழம்பு மீன்சாற்றில் செய்தது. ஹிரோஷிமா ஒகோனோமியாகியில் (முட்டைக்கோஸ், நூடுல்ஸ் வைத்த தோசை போன்றது) இறைச்சியை மட்டும் நீக்கச் சொன்னால் போதாது. மாவின்மேல் மீன்தூள் தூவுவார்கள், சாஸிலும் சிப்பிச்சாறு, இறைச்சிச்சாறு கலந்த வகைகள் உண்டு. "நிகு நாஷி, சகானா நாஷி, கட்சுவோபுஷி நாஷி" (இறைச்சி, மீன், உலர்மீன் சீவல் வேண்டாம்) என்று ஜப்பானிய எழுத்தில் எழுதிக் காட்டுங்கள். பாதுகாப்பான வழி, ஹிரோஷிமா ஸ்டேஷனிலேயே சோற்றுருண்டை, ரொட்டி, பழம் வாங்கிக்கொள்வது. ஊறுகாய்ப் பிளம் வைத்த உருண்டையிலும் சில நேரம் மீன்தூள் சேரும்; உப்பு மட்டும் சேர்த்த உருண்டை நல்லது. மோமிஜி மஞ்ஜு என்ற மேப்பிள் இலை வடிவக் கேக்கில் முட்டை உண்டு, உங்களுக்குப் பரவாயில்லை. சுடச்சுட வாங்குங்கள், உள்ளே இனிப்புப் பயறு விழுது.

தீவில் திரியும் மான்களிடம் கவனம். உணவு கொடுக்கத் தடை. காகிதம் எதுவானாலும் தின்னும்: வரைபடம், டிக்கெட், ரயில் பாஸ். பையின் பக்கவாட்டுப் பையில் எதையும் துருத்தி வைக்காதீர்கள். குப்பைத் தொட்டிகளை நம்பிப் போகாமல் ஒரு பை எடுத்துப் போங்கள். கடைகள் மாலை 5 மணிக்கெல்லாம் மூடத் தொடங்கிவிடும்.

---

வைகைக்கரை எழுதியது:

மிக்க நன்றி. மலையை விட்டுவிட்டோம். எங்களுக்கு ஒத்துவரும் நாள் பௌர்ணமி கழிந்த மூன்றாம் நாள்தான். அது பரவாயில்லையா? தீவிலிருந்து பூங்காவுக்கு நேராகப் படகு இருக்கிறது என்கிறார்களே, அதை எடுக்கலாமா?

---

உப்பங்காற்று எழுதியது:

நல்ல நாள்தான், வரிசையை மட்டும் மாற்றுங்கள். அன்று ஏற்றம் நண்பகலை ஒட்டி வரும். 10 மணிக்கு இறங்கியதும் முதலில் டைஷோ-இன், பிறகு டைகான்ஜி. 11.30 வாக்கில் ஆலயத்தின் கிழக்கு நுழைவுக்குச் சுற்றிவந்து ஆலயத்துக்குள் போனால் தண்ணீர் முழுதாக இருக்கும். வற்று மாலை 6 மணி வாக்கில்; வாசலுக்கு நடப்பதை விட்டுவிட்டு 2 மணிக்குக் கிளம்புங்கள். அமைதி அருங்காட்சியகம் ஏப்ரலில் மாலை 7 வரை உண்டு.

நேர்ப்படகு இருக்கிறது, ஆற்றுவழியாகப் பூங்காவுக்கே 45 நிமிடம், நடையும் மிச்சம். ஆனால் ஆற்றுப் பாலங்களுக்கு அடியில் நுழைய வேண்டியிருப்பதால் நீர் மிக ஏறினாலும் மிக வற்றினாலும் அந்தந்த நேரத்துப் படகை ரத்து செய்வார்கள். ரத்தாகும் நேரங்களை முன்கூட்டியே அறிவித்துவிடுவார்கள். உங்கள் தேதியில் 2 மணிக்கு மேல் ஓடும் படகு எது என்று பார்த்து, அதை வழிகாட்டியிடம் இப்போதே சொல்லி வையுங்கள். இல்லையென்றால் மியாஜிமாகுச்சியிலிருந்து டிராமில் சுமார் ஒரு மணி நேரம். பூங்காவை ஒட்டிய அணுகுண்டுக் குவிமாடத்தின் (குண்டுவீச்சில் சிதைந்து நிற்கும் கட்டடம்) எதிரிலேயே இறக்கிவிடும், படி ஏறும் வேலை இல்லை.