பெற்றோர் பராமரிப்புச் சட்டம்: நீலகிரியில் நான்கு ஊர்க்காரர்கள் பார்த்தவை

கோத்தகிரி
வயதான பெற்றோரைப் பிள்ளைகள் பராமரிக்க வேண்டும் என்ற 2007 சட்டம் எல்லோருக்கும் தெரியும், அதனால் நேராக விஷயம். ஹட்டி (படுகர் ஊர்) ஒன்றில் வயதான அம்மா. வீட்டையும் தேயிலைத் தோட்டத்தையும் மகனுக்கு செட்டில்மெண்ட் எழுதிக் கொடுத்தாச்சு. அப்புறம் இலைப் பணம் மகன் கணக்குக்கே போனது, அம்மாவுக்கு மாத்திரை வாங்கக்கூட காசு இல்லை. பராமரிக்காத பிள்ளைக்கு எழுதிய பத்திரத்தை ரத்து செய்ய வழி தரும் 23-ஆம் பிரிவில் மனு. விசாரணையில் பத்திரத்தைப் பக்கம் பக்கமாகப் புரட்டினார்கள். ‘அன்பினாலும் பாசத்தினாலும்’ என்று இருக்கிறது, பராமரிக்க வேண்டும் என்று ஒரு வரி இல்லை. “வாயால சொன்னானே சாமி” என்று அந்த அம்மா திரும்பத் திரும்பச் சொன்னது இன்னும் காதில் நிற்கிறது. பத்திரம் எழுதும்போதே அந்த வரியைக் கேட்டு வாங்குங்கள்.

குன்னூர்
அண்ணே, வரி இல்லை என்றால் கதை முடிந்தது என்று யாரும் நினைக்க வேண்டாம். 2025 ஜனவரியில் ஊர்மிளா தீட்சித் வழக்கில் உச்ச நீதிமன்றம் தாய்க்கே சொத்தைத் திருப்பிக் கொடுத்தது. சென்னை உயர் நீதிமன்றமும் அதே வருஷம், பாசத்தால் கொடுத்ததிலேயே பராமரிப்பு நிபந்தனை அடங்கியிருக்கிறது என்று சொல்லியிருக்கிறது.

ஊட்டி
குன்னூர் சார் சொல்வது பாதிதான். ஊர்மிளா வழக்கில் மகன் தனியாக ஒரு உறுதிமொழிப் பத்திரம் எழுதிக் கொடுத்திருந்தார். 2022-இல் சுதேஷ் சிகாரா வழக்கில் நிபந்தனையே இல்லை, தாய் தோற்றார். ஆகவே கடிதம், வாட்ஸ்அப், ஊர்ப் பெரியவர் முன் எழுதிய காகிதம், எது கிடைத்தாலும் மனுவோடு வையுங்கள். ரத்து உத்தரவு வந்தால் சார்பதிவாளரிடம் கொடுத்து, வில்லங்கச் சான்றில் ஏறியதா பாருங்கள். அதை விட்டால் மகன் அதே சொத்தை வேறு ஆளுக்கு விற்றுவிடுவான். பட்டா மாற்றம் அதற்குப் பிறகு.

கூடலூர்
இங்கே ஜன்ம நில ஒழிப்புச் சட்டத்தின் பிரிவு 17-இல் வரும் நிலத்தில் வீடு கட்டியவர்களுக்குப் பட்டாவே இல்லை, பத்திரத்துக்கு எங்கே போவது? குடித்துவிட்டு வந்த மகன் அப்பாவின் கட்டிலைத் தூக்கி வாசலில் போட்ட வீடு ஒன்று. மழை, கட்டிலோடு கம்பளியும் நனைந்துகொண்டிருந்தது. அங்கே ரத்து செய்ய ஒன்றுமில்லை, கேட்க வேண்டியது மாதப் பராமரிப்புத் தொகை.

யாரும் கேட்கவில்லை, ஆனாலும் சொல்கிறேன், ஏனென்றால் இதில்தான் பலர் தவறுகிறார்கள். மகன் திருப்பூரில் இருந்தாலும் பெற்றோர் இருக்கும் இடத்திலேயே மனு போடலாம். மனுவை விசாரிக்கும் தீர்ப்பாயம் ஆர்.டி.ஓ. (வருவாய்க் கோட்டாட்சியர்)தான்: கூடலூர், பந்தலூர்க்காரர்கள் கூடலூர் ஆர்.டி.ஓ.விடம், குன்னூர், கோத்தகிரி என்றால் குன்னூர், ஊட்டி, குந்தா என்றால் ஊட்டி. நடக்க முடியாதவருக்காக அவர் எழுதிக் கொடுத்த ஆள் மனு தரலாம். பெற்றோராக இருந்தால் 60 வயது ஆகியிருக்க வேண்டும் என்பதில்லை. ஒரு மகனை மட்டும் சேர்த்தால், அவன் மற்ற பிள்ளைகளையும் இழுப்பான், நாள் ஓடும். சம்பாதிக்கும் எல்லாப் பிள்ளைகள் பெயரையும் விலாசத்தோடு முதலிலேயே எழுதுங்கள், பேரன் பேத்தி மேஜர் என்றால் அவர்களும் வருவார்கள். மருந்துச் சீட்டு, வாடகை ரசீது, மாதச் செலவுக் கணக்கு இணையுங்கள். சட்டப்படி அதிகபட்சம் மாதம் 10,000 ரூபாய். நோட்டீஸ் சேர்ந்த 90 நாளுக்குள் முடிக்க வேண்டும், தக்க காரணம் இருந்தால் 30 நாள் கூடும். அதுவரை இடைக்காலத் தொகையைத் தனியாகக் கேளுங்கள், கேட்காமல் பெரும்பாலும் வராது.

உத்தரவு வந்தும் பணம் வராவிட்டால், தவணை நாளிலிருந்து 3 மாதத்துக்குள் அதே தீர்ப்பாயத்தில் எழுதிக் கொடுங்கள். ‘பையன் பாவம், அடுத்த மாசம் தருவான்’ என்று விட்டால் அந்த மாதத் தொகைக்கு வசூல் வாரண்ட் கிடைக்காது. உத்தரவு பிடிக்காவிட்டால் 60 நாளுக்குள் கலெக்டரிடம் மேல்முறையீடு.

குன்னூர்
கட்டிலைத் தூக்கிப் போட்ட இடத்தில் 90 நாள் காத்திருக்கச் சொல்வது நியாயமா, கூடலூர் அண்ணே?

கூடலூர்
காத்திருக்கச் சொல்லவில்லை. அன்றைக்கே முதியோர் உதவி எண் 14567-க்குப் போன், போலீஸில் புகார், ரசீது வாங்குவது. அடிபட்டிருந்தால் அரசு மருத்துவமனையில் காட்டிப் பதிவு.

ஊட்டி
அடிபடுவது அம்மா என்றால் இன்னொரு வழியும் உண்டு. 2005 குடும்ப வன்முறைச் சட்டத்தில் பாதுகாப்பு அலுவலர் மூலம் மாஜிஸ்திரேட்டிடம் போனால், மகனை வீட்டைவிட்டு வெளியேறச் சொல்லி உத்தரவு வாங்கலாம். அந்த மாதிரி உத்தரவால் மருமகளை வெளியேற்ற முடியாது. அப்பாவுக்கு இந்தச் சட்டம் கிடையாது, அவருக்கு ஆர்.டி.ஓ.தான்.