கார்ட்டூனில் வரும் 'டொய்ங்' சத்தம் எதில் வாசித்தது?

எம்.சி.ரோடு வாசி:
என் பையனுக்கு ஏழு வயது. வீட்டில் எது கீழே விழுந்தாலும் "டொய்ங்ங்" என்கிறான். எல்லாம் பழைய டாம் அண்டு ஜெர்ரி பார்த்த பழக்கம். டிவி காமெடியிலும் அதே சத்தம்தான். கம்ப்யூட்டர் இல்லாத காலத்தில் இதையெல்லாம் எப்படி எடுத்தார்கள்?

ராயபுரம் பேடு:
தம்பி, 22 வருடமாக நம்ம பக்கம் கச்சேரிகளில் ரிதம் பேடு வாசிக்கிறேன், தட்டினால் பதிந்து வைத்த சத்தம் வரும் மின்கருவி. மிமிக்ரிக்காரர் மேடையேறினால் எஃபெக்ட் என் பொறுப்பு.

அந்த டொய்ங் பல இடங்களில் நம்ம மோர்சிங்கின் பங்காளிதான். பல்லோடு ஒட்டிப் பிடித்து, இரும்பு நாக்கை விரலால் சுண்டினால் வரும். மலையிலிருந்து விழும்போது வரும் ஊளை, ஸ்லைடு விசில். குழலுக்குள் சைக்கிள் பம்பு மாதிரி ஒரு தண்டு. ஊதிக்கொண்டே வெளியே இழுத்தால் சுருதி இறங்கும். குதிரைக்குக் கொட்டாங்கச்சி. பிளின்ட்ஸ்டோன்ஸ் கார்ட்டூனில் ஓடக் கிளம்பும் கால்களுக்கு பாங்கோ என்ற சின்ன ஜோடி டிரம்.

டிஸ்னியில் இதற்கென்றே இருந்த ஜிம்மி மெக்டொனால்ட் அடிப்படையில் டிரம்மர், அதாவது நம்ம ஜாதி! வேண்டிய சத்தத்துக்குக் கருவியைத் தானே செய்துகொள்வார். பிற்பாடு மிக்கி மவுஸுக்குக் குரலும் கொடுத்தார். டாம் பூனையின் அலறல் இருக்கிறதே, அது இயக்குநர் வில்லியம் ஹன்னாவின் சொந்தத் தொண்டை.

கருவி கிடைத்துவிடும் தம்பி, நேரம்தான் கஷ்டம். காசிமேட்டில் ஒரு கல்யாண வரவேற்பு. மிமிக்ரிக்காரர் தடுக்கி விழ வேண்டும், நான் அடிக்க வேண்டும். அவர் விழுவதற்கு முன்பே அடித்துவிட்டேன். நின்ற இடத்திலிருந்து திரும்பி என்னை ஒரு பார்வை பார்த்தார். சனம் அதற்குத்தான் விழுந்து விழுந்து சிரித்தது. சம்பளத்தில் பிடிக்கவில்லை, அதுவரைக்கும் சரி.

பெரம்பூர் லோகோ:
அண்ணே, எல்லா கார்ட்டூனிலும் ஒரே சத்தமாக இருக்கிறதே, ஏன்?

ராயபுரம் பேடு:
காசுதான். டாம் அண்டு ஜெர்ரியை உருவாக்கிய ஹன்னாவும் அவர் கூட்டாளி பார்பெராவும் 1957இல் தனிக் கம்பெனி தொடங்கி டிவிக்குப் படம் செய்தார்கள். பட்ஜெட் கம்மி, படங்களும் கம்மியாகத்தான் வரைவார்கள். உருவம் அசையாத இடத்தில் சத்தம் அசைந்தது. ஒருமுறை பதிந்ததையே திரும்பத் திரும்பப் போட்டார்கள். அப்புறம் அந்தச் சத்தங்கள் தொகுப்பாக விலைக்கு வந்தன, கண்டவரும் வாங்கினார்கள். என் பேடில் இருப்பதும் அதில் வந்ததுதான், யாரோ பென்டிரைவில் கொடுத்தது.

வார்னர் பிரதர்ஸ் கார்ட்டூன்களுக்குச் சத்தம் சேர்த்தவர் டிரெக் பிரவுன் என்று ஒருவர். ஸ்டூடியோவில் நிஜ ஆட்கள் நடித்த படங்களுக்குப் பதிந்த சத்தங்களைக் கார்ட்டூனில் போடுவார். பொம்மை ஓடும், டயர் தேயும் சத்தம் கேட்கும். எனக்குப் பிடித்தவர் இவர்தான்.

எம்.சி.ரோடு வாசி:
அண்ணே, பையனிடம் படித்துக் காட்டினேன். இப்போது இரண்டு கொட்டாங்கச்சியோடு மொட்டை மாடியில் இருக்கிறான். கீழ்வீட்டு அக்கா வந்து கேட்டால் உங்கள் பெயரைத்தான் சொல்வேன்.