ஆச்சே கண்காணிப்புக் குழுவ ஏன் மூணு மூணு மாசமா நீட்டிச்சாங்க?

ஈசூன்_அம்மா:
வணக்கம். மகன் ஜேசில (ஜூனியர் காலேஜ்) படிக்கிறான், இந்தோனீசியாவோட ஆச்சே மாகாணம் பத்தி பிரசண்டேஷன் செய்யணுமாம், நேத்து சாப்பிடும்போது ஒரு கேள்வி கேட்டான், எனக்கு பதில் தெரியல. 2005 செப்டம்பர் 15ல ஐரோப்பிய யூனியனும் ஆசியான்ல அஞ்சு நாடும் (நம்ம சிங்கப்பூரும் உண்டு) சேர்ந்து அங்க கண்காணிப்பாளர்கள அனுப்புனாங்கல்ல, முதல்ல ஆறு மாசம்னாங்க, அப்புறம் ஜூன், அப்புறம் செப்டம்பர், கடைசியா 2006 டிசம்பர் 15 வரைக்கும்னு தள்ளிக்கிட்டே போனாங்க. தனி நாடு கேட்ட காம் (ஆச்சே விடுதலை இயக்கம்) போராளிங்களுக்கும் அரசாங்கத்துக்கும் கிட்டத்தட்ட முப்பது வருஷம் நடந்த சண்டைக்கு ஒரேயடியா ரெண்டு வருஷம்னு போட்டா என்னவாம்?

தேக்கா_வாசி:
அக்கா, இந்தோனீசியா சம்மதிச்சாதான் அவங்க அங்க இருக்கவே முடியும். கையில துப்பாக்கி கிடையாது, பாத்து எழுதி ரெண்டு பக்கத்தையும் உக்கார வச்சுப் பேசறதுதான் வேலை. 1999ல கிழக்குத் திமோர் கைய விட்டுப் போனதுல இருந்து வெளிநாட்டுக்காரங்க உள்ள வந்தாலே ஜகார்த்தாவுக்குப் பயம், ரெண்டு வருஷம்னு கேட்டிருந்தா கதவ சாத்தியிருப்பாங்க. இன்னொண்ணு, ஒவ்வொரு நீட்டிப்புக்கும் முடிக்க வேண்டிய வேலை ஒண்ணு இருந்துச்சு. ரெண்டு பக்கமும் போட்ட ஹெல்சிங்கி சமாதான ஒப்பந்தப்படி, ஆச்சேக்கு சுயாட்சி குடுக்கிற ஆச்சே நிர்வாகச் சட்டம் 2006 மார்ச் 31க்குள்ள வந்திருக்கணும், வந்தது ஜூலைல. சட்டம் தாமதமானதால ஆச்சே தேர்தலும் தள்ளிப்போய் டிசம்பர் 11ல நடந்துச்சு. அதான் இழுத்தாங்க.

கோப்பி_ஓ:
நான் 2006 ஆரம்பத்துல சுனாமி நிவாரண வேலைக்கு ஆச்சேல இருக்கிற மெலாபோ ஊருக்குப் போயிருந்தேன். எங்க டிரைவர் வண்டி முன்னாடி ஒரு பேப்பர் கட்டிங் ஒட்டி வச்சிருந்தாரு, பண்டா ஆச்சே பிளாங் பாடாங் திடல்ல காம் போராளிங்க குடுத்த துப்பாக்கிய ரம்பத்தால ரெண்டா அறுக்கிற படம். வெயில்ல மங்கிப் போச்சு, ஆனாலும் எடுக்க மாட்டேன்னுட்டாரு. 2002லயும் ஒப்பந்தம் போட்டு வெளிநாட்டு ஆளுங்க வந்தாங்களாம், மறு வருஷம் மே மாசமே ராணுவச் சட்டம், "அப்ப யாரும் எதையும் அறுக்கல"ன்னாரு. இந்தத் தடவ 840 ஆயுதம் ஒப்படைக்க ஒப்படைக்க அந்தப் பக்கம் ராணுவமும் கட்டம் கட்டமா வெளியேறுச்சு, டிசம்பர் கடைசிக்குள்ள ஆயுதம் முழுக்க முடிஞ்சுது, நாளு குறிச்சு ஊர் முன்னாடி செஞ்சதாலதான் சனங்க நம்புனாங்க.

மன்னார்_பேரன்:
எங்கட பெரியம்மா மன்னாரில இருந்தவா. இலங்கைப் போர்நிறுத்த ஒப்பந்தத்தைக் கண்காணிக்க வந்த நோர்டிக் (வட ஐரோப்பிய நாடுகள்) குழுட வெள்ளை வாகனம் கொடியோட ஒழுங்கையால போனா படலையடில வந்து நிப்பாவாம், அது போற நாள் மனசுக்கு நிம்மதியாம். 2006 மே மாதம் ஐரோப்பிய யூனியன் புலிகளைத் தடை செய்தது, அதோட யூனியன் நாட்டு ஆக்கள் வெளியேற வேணும் எண்டு புலிகள் சொல்லிட்டினம், சுவீடன் பின்லாந்து டென்மார்க் போக நோர்வேயும் ஐஸ்லாந்தும்தான் மிஞ்சினது. 2008 ஜனவரியில அரசாங்கமே ஒப்பந்தத்தை விட்டு விலக அவையும் போயிட்டினம். தேக்கா அண்ணை, குறுகின காலம்தான் மருந்து எண்டு நான் நினைக்கேல்ல. ஜார்ஜியாவில இருந்து பிரிஞ்சு நிண்ட அப்காசியாவுக்கு ஐநா அனுப்பின குழுவுக்கும் ஆறாறு மாதமாத்தான் நீட்டினவை, 1993ல இருந்து பதினாறு வருசம், கடைசியில 2009 ஜூனில ரஷ்யா வீட்டோ போட முடிஞ்சுது. ரெண்டு தரப்பும் சண்டையை விட மனம் வச்சிருக்க வேணும், அது இல்லாட்டி எத்தனை தரம் நீட்டினாலும் வாகனம் வெறுமனே ஓடும்.

தேக்கா_வாசி:
ஒத்துக்கிறேன் தம்பி. சுனாமிதான் அங்க ரெண்டு பேரு மனசையும் மாத்துச்சு. ஆனா எனக்கு ஒரு வருத்தம் இன்னும் இருக்கு, தேர்தல் முடிஞ்ச நாலாம் நாளே குழு கிளம்பிடுச்சு. ஒப்பந்தத்துல எழுதியிருந்த, சண்டைக் காலத்துக் கொடுமைகள விசாரிக்கிற உண்மை நல்லிணக்க ஆணையம் அப்ப பேப்பர்லதான் இருந்துச்சு, ஆணையர்கள் பதவியேத்தது 2016ல. அக்கா, மகன அதப் பத்தி ஒரு ஸ்லைடு போடச் சொல்லுங்க, காணாமப் போனவங்களோட வீட்டுக்காரங்க அத்தன வருஷம் காத்துக்கிட்டு இருந்தாங்க.