மறுமொழி: பாதிக்குக் குறைந்த வாக்கில் வரும் வெற்றிக்குப் பெயர் – 'முந்துபான்மை' குறித்து

குழுவில் உள்ள அனைவருக்கும் வணக்கம்.

கனடியத் தேர்தல் கலைச்சொற்கள் பற்றிய இந்த இழையில் தொகுதி, வட்டாரம், இடைத்தேர்தல், நம்பிக்கை வாக்கெடுப்பு ஆகியவற்றில் பெரிய கருத்து வேறுபாடு எழவில்லை. ஒரே இடத்தில்தான் நின்றுவிட்டோம். போட்டியிட்ட எல்லோரையும்விடக் கூடுதலாக வாக்குப் பெற்று, ஆனால் அளிக்கப்பட்ட வாக்குகளில் பாதியைத் தொடாமல் ஒருவர் வெல்லும்போது, அவர் பெற்றதை எப்படிக் குறிப்பது என்பதே கேள்வி. இப்போது அதையும் 'பெரும்பான்மை' என்று எழுதுகிறோம்; பாதிக்கு மேல் பெற்றவருக்கும் அதே சொல்லைத்தான் வைத்திருக்கிறோம். இந்தக் குழப்பம் தீராதவரை கனடாவின் தேர்தல் முடிவு ஒன்றைக்கூடத் தமிழில் பிழையின்றி விளக்க முடியாது என்று நான் உறுதியாகக் கருதுகிறேன். அதனால் 'முந்துபான்மை' என்ற சொல்லை உங்கள் முன் வைக்கிறேன்.

இந்தச் சொல் கனடாவுக்கு ஏன் இத்தனை தேவைப்படுகிறது என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன். கூட்டாட்சி, மாகாணம், நகராட்சி என்று மூன்று மட்டங்களில் இங்கே தேர்தல் நடக்கிறது. கூட்டாட்சித் தேர்தலில் வாக்காளர் பிரதமருக்கு வாக்களிப்பதில்லை. தம் தொகுதி உறுப்பினருக்கே வாக்களிக்கிறார். மாகாணத் தேர்தலும் அவ்வாறே. ஒன்ராறியோவின் நகராட்சித் தேர்தலில் கட்சிப் பெயர்கள் வாக்குச்சீட்டில் இடம்பெறுவதில்லை. மேயரையும் வட்டார உறுப்பினரையும் கல்விச்சபை உறுப்பினரையும் மக்கள் தனித்தனியே தெரிவு செய்கிறார்கள். வான்கூவரிலும் மொன்றியலிலும் நகரக் கட்சிகள் உண்டு என்பது வேறு கதை. அமைப்பு இப்படி வேறுபட்டாலும் விதி ஒன்றுதான்: எண்ணி முடித்ததும் யாருக்குக் கூடுதல் வாக்கோ அவர் வென்றார். பாதியைத் தாண்ட வேண்டும் என்ற நிபந்தனை இல்லை; இரண்டாம் சுற்றும் இல்லை.

இதன் விளைவை ரொறன்ரோவிலேயே பார்க்கலாம். 2023 ஜூன் 26 அன்று நடந்த மேயர் இடைத்தேர்தலில் 102 பேர் போட்டியிட்டனர். ஒலிவியா சௌ ஏறத்தாழ 37 விழுக்காடு வாக்குகளுடன் வெற்றி பெற்றார். அதற்கு முந்தைய 2022 தேர்தலில் ஜோன் ரோரி 60 விழுக்காட்டுக்கு மேல் பெற்று வென்றிருந்தார். இருவரும் 'பெரும்பான்மை வாக்குகளால் தெரிவானார்கள்' என்று எழுதினால் இலக்கணப்பிழை எதுவும் இல்லை; ஆனால் சௌவைப் பொறுத்தவரை அது பொய்யாகிவிடுகிறது, ஏனெனில் வாக்களித்தவர்களில் பெரும்பாலோர் அவரைத் தெரிவு செய்யவில்லை. இது அவருடைய வெற்றியைக் குறைத்துச் சொல்வது ஆகாது. விதிப்படி அது முழுமையான வெற்றிதான். அதன் தன்மையைச் சொல்ல நம்மிடம் சொல் இல்லை என்பதே என் குறை.

நம் சமூகத்துக்கு நெருக்கமான எடுத்துக்காட்டும் இருக்கிறது. 2011இல் ஸ்காபரோ–ரூஜ் ரிவர் தொகுதியில் ராதிகா சிற்சபேசன் கனடிய நாடாளுமன்றத்தின் முதல் தமிழ் உறுப்பினராகத் தெரிவானபோது, அவர் பெற்றது ஏறத்தாழ 41 விழுக்காடு. 2015இல் ஸ்காபரோ–ரூஜ் பார்க் தொகுதியில் ஹரி ஆனந்தசங்கரி பெற்றது 60 விழுக்காட்டளவு. இரண்டுமே கொண்டாடத்தக்க வெற்றிகள். ஆனால் ஒரு வரலாற்று மாணவர் இரண்டுக்கும் உள்ள வேறுபாட்டை ஒரே சொல்லில் குறிக்க விரும்பினால், 'முந்துபான்மை', 'பெரும்பான்மை' என்ற இணை அவருக்கு உடனே கைகொடுக்கும்.

கட்சிகளின் மொத்தக் கணக்குக்கு வரும்போது சிக்கல் இன்னும் கூடுகிறது. 2021 கூட்டாட்சித் தேர்தலில் லிபரல் கட்சி 338 ஆசனங்களில் 160ஐப் பிடித்தது. கன்சர்வேட்டிவ் கட்சிக்கு 119 கிடைத்தன. ஆனால் நாடு முழுவதும் கூடுதல் வாக்குப் பெற்றது கன்சர்வேட்டிவ் கட்சிதான்: அவர்களுக்கு 33.7 விழுக்காடு, லிபரல் கட்சிக்கு 32.6. அதற்கு முன் 2019இலும் இதே நிலைதான். வாக்கில் ஒருவர் முந்தினார், ஆசனத்தில் மற்றவர் முந்தினார், பெரும்பான்மையோ எதிலும் எவருக்கும் இல்லை. 'வாக்கு முந்துபான்மை கன்சர்வேட்டிவ் கட்சிக்கும் ஆசன முந்துபான்மை லிபரல் கட்சிக்கும் கிடைத்தன' என்று ஒரே வரியில் இதைச் சொல்லிவிடலாம். இப்போதைய வழக்கில் இதைச் சொல்ல நான்கு வரிகளாவது வேண்டும். அப்போதும் 'பெரும்பான்மை' என்ற சொல் எங்கேயாவது நுழைந்து கெடுத்துவிடும். கூட்டாட்சித் தேர்தலில் ஒரு கட்சி மொத்த வாக்கில் பாதியைத் தாண்டியது கடைசியாக 1984இல், முற்போக்குக் கன்சர்வேட்டிவ் கட்சித் தலைவர் பிரையன் மல்ரோனியின் வெற்றியின்போது, அதுவும் மயிரிழையில். 2015இல் லிபரல் கட்சி 39.5 விழுக்காட்டு வாக்கில் 184 ஆசனங்களைப் பெற்றது. அதாவது வாக்கில் முந்துபான்மை, ஆசனத்தில் பெரும்பான்மை. 2025 ஏப்ரல் 28 தேர்தலில் அதே கட்சிக்கு 343 ஆசனங்களில் 169 கிடைத்தன; பெரும்பான்மைக்கு 172 வேண்டும். வாக்கு வீதம் 2015ஐ விடக் கூடியிருந்தும் ஆசனப் பெரும்பான்மை கிடைக்கவில்லை.

மாகாணங்களில் இதைவிட விந்தையான முடிவுகள் உண்டு. கியூபெக்கில் 1998இல் லிபரல் கட்சி வாக்கில் முந்தியது. ஆட்சியமைத்ததோ 125 ஆசனங்களில் 76ஐ வென்ற பார்ட்டி கியூபெக்குவா. 2025 பெப்ரவரி 27 ஒன்ராறியோத் தேர்தலில் லிபரல் கட்சி ஏறத்தாழ 30 விழுக்காட்டு வாக்குடன் 14 ஆசனங்களில் நின்றுவிட, 19 விழுக்காட்டையும் எட்டாத புதிய ஜனநாயகக் கட்சி 27 ஆசனங்களுடன் அதிகாரபூர்வ எதிர்க்கட்சியாயிற்று. பிரிட்டிஷ் கொலம்பியாவில் 2017இல் நடந்தது எல்லாவற்றிலும் கூர்மையான பாடம். 87 ஆசனங்களில் லிபரல் கட்சிக்கு 43, புதிய ஜனநாயகக் கட்சிக்கு 41, பசுமைக் கட்சிக்கு 3. பெரும்பான்மைக்கு 44 தேவை. ஆசனத்திலும், மிகச் சிறிய வேறுபாட்டில் வாக்கிலும், முந்தியிருந்த கிறிஸ்டி கிளார்க்கின் லிபரல் அரசு ஜூன் 29 அன்று நம்பிக்கை வாக்கெடுப்பில் 44க்கு 42 என்று தோற்றது. பசுமைக் கட்சியின் ஆதரவுடன் புதிய ஜனநாயகக் கட்சியின் ஜோன் ஹோர்கன் முதல்வரானார். முந்துபான்மை ஒருவரைத் தொகுதியில் வெல்லவைக்கப் போதும். சட்டமன்றத்தில் ஆளவைக்கப் போதாது. தொகுதிக்கு ஒரு விதி, அவைக்கு வேறு விதி என்ற இந்தக் கனடிய உண்மையை இரண்டு சொற்கள் இல்லாமல் மாணவருக்குக் கற்பிக்க இயலாது.

இனி நண்பர்களின் மறுப்புகளுக்கு வருகிறேன்.

'சாதாரண பெரும்பான்மை, அறுதிப் பெரும்பான்மை என்று ஏற்கெனவே இரண்டு சொற்கள் இருக்கையில் மூன்றாவது எதற்கு?' என்று சென்னையிலிருந்து ஐயா ஒருவர் கேட்டிருந்தார். நியாயமான கேள்விதான். ஆனால் 'சாதாரண பெரும்பான்மை' என்பது அவைகளில் வேறு பொருளில் வேரூன்றிவிட்டது. அவையில் இருந்து வாக்களித்தவர்களில் பாதிக்கு மேற்பட்டோர் என்பது அதன் பொருள். மூன்றில் இரண்டு பெரும்பான்மை தேவைப்படும் அரசியலமைப்புத் திருத்தங்களிலிருந்து பிரித்துக் காட்டவே அது வழங்குகிறது. அதை 37 விழுக்காட்டுக்குப் பொருத்தினால், சரியாக இயங்கிவரும் ஒரு சொல்லையும் சேர்த்துக் கெடுத்துவிடுவோம். தமிழ்நாட்டு நாளிதழ்களின் 'தனிப்பெரும் கட்சி' நல்ல வழக்குதான். ஆயினும் அதிலிருந்து 'தனிப்பெரும்பான்மை' என்று பெயர் அமைக்க முடியாது. அது ஏற்கெனவே கூட்டணியின் துணையின்றிப் பாதியைத் தாண்டுவதைக் குறிக்கிறது. தனிப்பெரும் கட்சிக்குத் தனிப்பெரும்பான்மை இல்லாமல் போகும் என்ற நிலை படிப்பவரைத் திணறடிக்கும்.

ஆங்கிலத்தில் இதைக் குறிக்கும் plurality என்ற சொல்லை நேரே பெயர்த்து 'பன்மை' என்று சிலர் எழுதுவதை நான் ஏற்கவில்லை. அது ஒருமைக்கு எதிரான இலக்கணச் சொல். பல மதம், பல மொழி சேர்ந்து வாழும் நிலையைக் குறிக்கவும் அதைப் பயன்படுத்துகிறோம். ஒருவர் மற்றவரை முந்தினார் என்ற கருத்து அதில் துளியும் இல்லை.

ஸ்காபரோவிலிருந்து எழுதிய அம்மையார் பரிந்துரைத்த 'மிகுபான்மை'யை நான் நெடுநேரம் எண்ணிப் பார்த்தேன். ஓசை நயமாக இருக்கிறது. பெரும்பான்மை, சிறுபான்மை என்ற வரிசையிலும் அழகாக அமர்கிறது. என் தயக்கம் ஒன்றுதான்: 'மிகு' என்பது 'பெரும்' என்பதைவிட வலுவாக ஒலிக்கிறது. பாதிக்குக் குறைந்ததற்கு 'மிகு', பாதிக்கு மேற்பட்டதற்கு 'பெரும்' என்றால், முதன்முறை கேட்பவர் அதை மூன்றில் இரண்டு போன்ற பேரளவு என்றே எடுத்துக்கொள்வார். யாழ்ப்பாணத்துப் பேச்சில் 'மிகுதி' என்பது எஞ்சியதைக் குறிப்பதும் அம்மையாருக்குத் தெரிந்ததே.

'முந்துபான்மை' வினைத்தொகை. பால் என்றால் பகுப்பு. அதிலிருந்து வந்த பான்மை இங்கே பங்கு என்னும் பொருளில் நிற்கிறது. எனவே முந்தும் பங்கு, முந்திய பங்கு, முந்தவிருக்கும் பங்கு என்று மூன்று காலத்துக்கும் அது பொருந்தும். வாக்கு எண்ணும் இரவில் 'இதுவரை இவருக்கே முந்துபான்மை' என்றும் சொல்லலாம். எவ்வளவு பெற்றார் என்பதை அது உரைப்பதில்லை, மற்றவர்களைத் தாண்டினார் என்பதை மட்டும் உரைக்கிறது, பொருளும் அதுதானே. 'முந்துநூல்' என்ற பழஞ்சொல்லில் முந்து என்பது காலத்தால் முற்பட்டது என்று பொருள்படுவதை ஒருவர் நினைவூட்டியிருந்தார். உண்மை, ஆனால் தேர்தல் பேச்சில் 'முந்துகிறார், பின்தங்குகிறார்' என்பன அன்றாட வழக்காகிவிட்டதால், 'பழைய பெரும்பான்மை' என்று எவரும் பிழைபடக் கொள்ள இடமில்லை.

இலங்கைத் தேர்தல் செய்திகளை எழுதுவோருக்கும் இது பயன்படும். 2024 செப்டெம்பர் ஜனாதிபதித் தேர்தலின் முதல் எண்ணிக்கையில் அநுர குமார திசாநாயக்க 42.31 விழுக்காடு பெற்று முந்தினார். அங்கே சட்டம் பாதிக்கு மேல் கேட்பதால், வரலாற்றில் முதன்முறையாக, வாக்காளர்கள் வாக்குச்சீட்டில் வரிசைப்படுத்தியிருந்த அடுத்த விருப்பு வாக்குகளையும் எண்ண வேண்டி வந்தது. கனடிய விதியாக இருந்திருந்தால் முதல் எண்ணிக்கையோடு எல்லாம் முடிந்திருக்கும். ஒன்ராறியோவின் லண்டன் நகரம் 2018இல் விருப்பு வரிசை முறையில் நகராட்சித் தேர்தலை நடத்தியது. 2020இல் மாகாண அரசு அந்த வாய்ப்பையே சட்டத்திலிருந்து நீக்கிவிட்டது. இவ்வகை முறைகளைப் 'பெரும்பான்மைத் தேர்தல் முறை' என்றும், கனடாவில் வழங்குவதை 'முந்துபான்மைத் தேர்தல் முறை' என்றும் பிரித்து வழங்கலாம்.

'சிறுபான்மை அரசு' என்ற வழக்கையும் இதோடு சேர்த்துத் தீர்க்க வேண்டும். பாதிக்குக் குறைந்த ஆசனங்களுடன் ஆளும் அரசை அப்படி எழுதும்போது, சிறுபான்மை இனத்தாரின் அரசு என்ற பொருளும் உடன் எழுகிறது. இனச் சிக்கலின் வழியாகவே அந்தச் சொல்லை அறிந்த ஈழத்தமிழ் வாசகருக்கு இது சிறிய இடறல் அன்று. தமிழ்நாட்டில் 2006இல் 234 இடங்களில் 96ஐ மட்டும் வென்று தி.மு.க. ஆட்சியமைத்தபோது, ஜெயலலிதா அதை விடாமல் 'மைனாரிட்டி அரசு' என்றே குறிப்பிட்டுவந்தார். அது எதிர்க்கட்சியின் குத்தலாக இருந்தது. கலைச்சொல்லில் குத்தல் இருக்கக் கூடாது. 'முந்துபான்மை அரசு' என்றும் இதைச் சொல்ல இயலாது, பிரிட்டிஷ் கொலம்பியாவில் ஆட்சியமைத்தது முந்திய கட்சி அன்று என்பதால். 'பெரும்பான்மையற்ற அரசு' என்பதே இப்போதைக்கு எனக்குச் சரியாகப் படுகிறது. நீளம் கருதி மறுப்போர் மாற்றுச் சொல் தரவேண்டுகிறேன்.

வானொலியில் செய்தி வாசிப்போர் 'மற்ற எல்லோரையும்விடக் கூடுதல் வாக்கு' என்று விரித்துச் சொல்வதில் எனக்கு மறுப்பில்லை. செவிக்கு அதுவே எளிது. பாடநூல், அகராதி, தேர்தல் பகுப்பாய்வு ஆகியவற்றுக்குத்தான் ஒற்றைச் சொல் வேண்டும். 'முந்துபான்மை', 'வாக்கு முந்துபான்மை', 'ஆசன முந்துபான்மை', 'முந்துபான்மைத் தேர்தல் முறை' ஆகிய நான்கையும் நம் சொற்பட்டியலின் அடுத்த பதிப்பில் சேர்க்க முன்மொழிகிறேன். இதழ்களில் எழுதும் உறுப்பினர்கள் அடுத்த ஒன்ராறியோ நகராட்சித் தேர்தல் செய்திகளில் இவற்றை இட்டு எழுதி, வாசகர்கள் எங்கே இடறுகிறார்கள் என்பதைக் குழுவுக்குத் தெரிவித்தால், பதிவு செய்யுமுன் திருத்திக்கொள்ளலாம்.

அன்புடன்,
ரொறன்ரோவிலிருந்து ஓர் உறுப்பினர்