வரப்பு வழக்கும் அட்வகேட் கமிஷனரும்: எங்கள் அனுபவம்

கோபிசெட்டிபாளையம் பக்கம் எங்கள் பூர்வீகத் தோட்டம், வடக்கே பெரியப்பா வகையறா. பத்திரத்தில் 1 ஏக்கர் 12 சென்ட், பட்டாவில் 0.45.50 ஹெக்டேர். ஒரு ஏருக்கு (ஹெக்டேரில் நூறில் ஒரு பங்கு) 2.47 சென்ட் என்று பெருக்கினால் இரண்டும் கிட்டத்தட்ட ஒன்றுதான், அதனால் நிலம் எவ்வளவு என்பதில் சண்டையே இல்லை, கோடு எங்கே ஓடுகிறது என்பதில்தான். டிராக்டர் விட்டு உழும்போது வரப்பைக் கொஞ்சம் கொஞ்சமாகத் தெற்கே தள்ளிவிட்டார்கள் என்பது எங்கள் தரப்பு. வக்கீல் சிவில் நடைமுறைச் சட்டம் ஆணை 26 விதி 9-ல் ஐ.ஏ. (வழக்குக்குள் போடும் இடைக்கால மனு) போட்டு, சர்வேயர் துணையோடு அளக்க அட்வகேட் கமிஷனரை, அதாவது இடத்தை நேரில் பார்த்து ரிப்போர்ட் கொடுக்கக் கோர்ட் அனுப்பும் வக்கீலை, நியமிக்க உத்தரவு வாங்கினார். பேட்டா, செலவு எல்லாம் மனு போட்டவர்தான் முதலில் கட்டணும்.

அளக்கிற அன்று பாதி நேரம் கல் தேடியே போனது. எங்கள் மூலைக்கல்லைக் காணோம். சர்வேயர் எஃப்.எம்.பி. (புல அளவைப் படம்) நகலை மோட்டார் ரூம் திண்ணையில் விரித்து வைத்துக்கொண்டு, நிலையான கல் ஒன்று கிடைக்காமல் டேப்பைத் தொடவே மாட்டேன் என்றுவிட்டார். அப்பா, "சாருங்க, கிணத்துக்கு வடக்கால ஒண்ணு இருந்துச்சுங்க" என்று காட்டிய இடத்தில் எதுவும் இல்லை. கடைசியில் நாலு காடு தள்ளி வேலிக்காத்தான் புதருக்குள் மண்வெட்டியால் கொத்தி ஒரு பழைய சர்வே கல்லைக் கண்டுபிடித்தார்கள். அங்கிருந்து பிடித்து வந்தால் வடக்கே அவர்கள் மூன்றடி உள்ளே வந்திருந்தது தெரிந்தது, சரி. ஆனால் மேற்கே எங்கள் கம்பிவேலி வண்டிப்பாதைக்குள் நீட்டிக்கொண்டிருந்ததும் படத்தில் ஏறிவிட்டது! அப்பா அன்று முழுக்கப் பேசவே இல்லை.

எங்களைக் காப்பாற்றியது மெமோதான். எதை எதைப் பார்த்துக் குறிக்கணும் என்று (பழைய வரப்பின் மிச்சம், சொட்டுநீர்க் குழாய் வெட்டுப்பட்ட இடம், புளியமரத்து அடிக்கட்டை) வக்கீல் முன்னாடியே எழுதிக் கமிஷனர் கையில் கொடுத்திருந்தார், அத்தனையும் ரிப்போர்ட்டில் வந்தது. பெரியப்பா பையன் வரப்பில் நின்று மணிக்கணக்காகச் சத்தம் போட்டான், எழுதி ஒன்றும் கொடுக்கவில்லை, அவன் சொன்னதில் ஒரு வரிகூட ஏறவில்லை. அப்புறம் ஆட்சேபனை போட்டு, கமிஷனரையே கூண்டில் ஏற்றிக் குறுக்கு விசாரணை செய்தார்கள். அதற்கு அதே ஆணை 26-ன் விதி 10-ல் இடம் இருக்கிறது.

*

மேலே சொன்னது வழக்குப் போட்டவர் பக்கம்; நான் வக்கீல், ஜூனியராக இருந்த காலத்தில் கமிஷனராகப் போயிருக்கிறேன், அந்தப் பக்கத்துக் கதையையும் சொல்கிறேன். பெரிய தொல்லை சாப்பாடு. "ஒரு வாய் சாப்பிட்டுப் போங்க சார்" என்று இலையே போட்டு வைத்திருப்பார்கள். சாப்பிட்டால் எதிர்த்தரப்பு ஆட்சேபனையில் முதல் பாயிண்டே அதுதான். ஒரு தரப்புக் காரில் ஏறினாலும் அதே கதி, அதனால் என் பைக்கிலேயே போவேன், டீயும் பஸ் ஸ்டாப் கடையில்தான்.

அடுத்தது, "நாங்கதான் அனுபவிக்கிறோம்னு எழுதுங்க சார்" என்பது. அதை எழுத முடியாதுங்க. அனுபவம் யாரிடம் என்பதைச் சாட்சி, ஆவணம் வைத்துக் கோர்ட்டில் நிரூபிக்கணும், சாட்சியம் சேகரிக்கக் கமிஷன் கிடையாது. கண்ணில் பட்டதை எழுதலாம்: பயிர் இருக்கிறது, வேலிக்கல் நட்ட மண் ஈரமாக இருக்கிறது, அவ்வளவுதான். நோட்டீஸ் போயும் ஒரு தரப்பு வராவிட்டால் அவர்கள் இல்லாமலே அளக்கலாம், வீம்புக்கு வராமல் இருப்பவர்கள் இதைத் தெரிந்துகொள்ளட்டும்.

எஃப்.எம்.பி.யை மட்டும் நம்பி அளக்கச் சொல்லாதீர்கள். 1979 முதல் 1987 வரை நடந்த யு.டி.ஆர். (நிலப் பதிவேடுகளைப் புதுப்பித்த திட்டம்) சமயத்தில் உட்பிரிவு மாறிப்போன புலங்கள் எத்தனையோ இருக்கின்றன, அந்தத் தப்பு படத்திலும் அப்படியே உட்கார்ந்திருக்கும். பத்திரத்தின் நான்கெல்லையையும் வைத்து அளக்கணும் என்று மனுவிலேயே கேளுங்கள். உத்தரவில் இல்லாததை இடத்தில் வந்து கேட்டால் கமிஷனரால் செய்ய முடியாது.

சர்வேயர் தேதி கிடைக்காமல் வாரண்ட் (கமிஷனருக்குக் கோர்ட் கொடுக்கும் உத்தரவு) கெடு முடிந்துபோவது சர்வ சாதாரணம். பயப்பட வேண்டாம், கமிஷனர் அவகாசம் கேட்டால் கோர்ட் நீட்டித்துக் கொடுக்கும்.