நாள் முழுக்க போர்டு கேம், வருவது பன்னிரண்டு பேர்: எப்படி நடத்துவது?

கட்டம்தாண்டி:
அடுத்த மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை வீட்டில் காலையிலிருந்து இரவு வரை விளையாட்டு மட்டும்தான் என்று சொல்லி எல்லாரையும் கூப்பிட்டுவிட்டேன். பிறந்தநாள் இல்லை, வேறு விசேஷமும் இல்லை, விளையாடுவதுதான் விசேஷம். நண்பர்கள், சித்தப்பா குடும்பம், அக்கா பிள்ளைகள் எல்லாம் சேர்த்தால் பன்னிரண்டு பேர். அக்காவின் சின்னவனுக்கு 6 வயது, பாட்டிக்கு 74. கையில் இருப்பது கேரம், செஸ், யூனோ, மோனோபோலி, புதிதாக வாங்கிய டிக்கெட் டு ரைட். பாதிப் பேர் பத்து நிமிடத்தில் போனை எடுத்துவிடுவார்களோ என்பது ஒரு பயம். சித்தப்பா பையன்கள் இரண்டு பேரும் தோற்றால் சும்மா இருக்கமாட்டார்கள் என்பது இன்னொன்று. இப்படி நடத்திப் பழக்கம் உள்ளவர்கள் சொல்லுங்கள், எதில் ஆரம்பிக்கலாம்?

வெள்ளைக்காய்:
பன்னிரண்டு பேரையும் ஒரே மேஜையில் உட்கார வைக்கும் ஆசையை முதலில் விடுங்கள். டிக்கெட் டு ரைட் 5 பேர் வரைதான், கேட்டான் (Catan) என்கிற ஆட்டம் 4, பாண்டெமிக் 4. பெட்டியில் போட்டிருக்கும் அதிகபட்ச எண்ணிக்கைக்கே போனாலும் ஒருவருக்கு முறை வருவதற்குள் மற்றவர்களுக்குக் கொட்டாவி வந்துவிடும், போன் வெளியே வருவது அந்த இடைவெளியில்தான். அதனால் மூன்று மேஜை, மேஜைக்கு நாலு பேர். ஒரு ஆட்டம் முடிந்ததும் ஆட்களை மாற்றிப்போடுங்கள், இல்லையென்றால் நண்பர்கள் ஒரு பக்கமும் சொந்தக்காரர்கள் ஒரு பக்கமுமாகவே நாள் போய்விடும்.

எல்லாரும் சேர்ந்து ஒன்று வேண்டுமென்றால் கோட்நேம்ஸ். 2015-இல் வந்தது, இரண்டு அணியாகப் பிரிந்து ஆடுவது, அணிக்கு ஆறு பேர் இருந்தாலும் ஓடும். பெட்டி வாங்கவே வேண்டாம் என்பேன். 25 துண்டுச் சீட்டில் தமிழ்ச் சொற்களை எழுதி ஐந்துக்கு ஐந்தாகப் பரப்புங்கள். ஒரு தாளில் அதே கட்டத்தை வரைந்து முதலில் ஆடும் அணிக்கு 9, மற்ற அணிக்கு 8, யாருக்கும் சேராதது 7, தொட்டால் உடனே தோற்றுவிடும் ஆள்கொல்லி 1 என்று குறித்துக்கொண்டால் போதும். அந்தத் தாளை இரண்டு தலைவர்கள் மட்டும் பார்ப்பார்கள், அவர்கள் தருகிற ஒரு சொல்லும் ஒரு எண்ணும்தான் துப்பு, அதை வைத்து அணியினர் தங்கள் சொற்களைக் கண்டுபிடிக்க வேண்டும். 'படி', 'ஆறு', 'மாலை', 'திங்கள்' என்று இரண்டு மூன்று பொருள் உள்ள சொற்களாகப் பொறுக்கி எழுதினால் தலைவர்கள் பாடு திண்டாட்டம்தான். பாட்டி இதில் உங்களையெல்லாம் தூக்கிச் சாப்பிட்டுவிடுவார், பாருங்கள்.

அப்புறம், புது ஆட்டத்தின் விதியை அன்றைக்கு எல்லாரையும் உட்கார வைத்துக்கொண்டு வாசிக்காதீர்கள். முந்தின நாள் நீங்கள் ஒருவரே இரண்டு பேருக்கும் சேர்த்து ஒரு சுற்று ஆடிப் பார்த்துவிடுங்கள். சொல்லிக்கொடுக்கும்போது எப்படி ஜெயிப்பது என்பது முதலில், தன் முறை வந்தால் என்ன செய்யலாம் என்பது அடுத்து, மற்றதெல்லாம் இடம் வரும்போது. டிக்கெட் டு ரைடில் முறை வந்தால் மூன்றே வேலை: ரயில் சீட்டு எடு, பாதை போடு, இல்லாவிட்டால் புது டிக்கெட் (எந்த இரண்டு ஊர்களை இணைக்க வேண்டும் என்று சொல்லும் சீட்டு) எடு. முடிக்காத டிக்கெட்டின் புள்ளி கழியும் என்பதை மட்டும் முதலிலேயே சொல்லிவிடுங்கள், கடைசியில் சொன்னால் அங்கேதான் சண்டை.

சும்மாஒருகை:
மேலே சொன்னதெல்லாம் சரி, ஆனால் பத்து மணிக்கு இது, பதினொன்றரைக்கு அது என்று அட்டவணை மட்டும் போட்டுவிடாதீர்கள், அப்புறம் வந்தவர்கள் பள்ளி விளையாட்டு விழாவுக்கு வந்த மாதிரி வரிசையில் நிற்பார்கள். பக்கத்தில் உட்கார்ந்து வேடிக்கை பார்த்துக்கொண்டு, "அதை ஏன் எடுத்தே" என்று கேட்பவர்களும் விளையாட்டில்தான் இருக்கிறார்கள், அவர்களை இழுத்து உட்கார வைக்க வேண்டாம். போன் எடுத்தால் எடுக்கட்டும். பக்கத்து மேஜையில் சத்தம் கேட்டால் தானாக வருவார்கள்.

கேரம் பலகையை ஓரமாக நாள் முழுக்க விரித்தே வையுங்கள். ஆட்டத்துக்கு ஆட்டம் நடுவில் காத்திருப்பவர்கள் அங்கே போவார்கள்.

உப்புக்குச்சப்பாணி:
பேரைப் பார்த்தாலே தெரியும், வீட்டில் நான்தான் கடைசி. அதனால் அந்த 6 வயதுக்காரன் சார்பாகப் பேசுகிறேன். "நீயும் ஆடு" என்று சொல்லிவிட்டு அவன் போட்டதைக் கணக்கில் சேர்க்காமல் விட்டால் அது அவனுக்கு இரண்டாவது சுற்றிலேயே தெரிந்துவிடும். அதைவிட மோசம், வேண்டுமென்றே அவனுக்கு விட்டுக்கொடுப்பது. அவனையும் பாட்டியையும் ஒரு கூட்டாக்கிவிடுங்கள், சீட்டைப் பிடிப்பதும் போடுவதும் அவன், யோசனை இரண்டு பேரும்.

டிக்ஸிட் யாரிடமாவது கடன் கிடைத்தால் வாங்கி வையுங்கள். படிக்கவே வேண்டாம், 84 படச் சீட்டுகள், அவ்வளவுதான். கதை சொல்பவர் தன் சீட்டைப் பற்றி ஒரு வார்த்தையோ வரியோ சொல்ல, மற்றவர்கள் அதற்குப் பொருந்துகிற மாதிரி தங்களிடம் உள்ள ஒன்றைக் கவிழ்த்துப் போடுவார்கள். கதை சொன்னவரின் படம் எது என்று கண்டுபிடிக்க வேண்டும். எல்லாரும் கண்டுபிடித்துவிட்டாலும் சொன்னவருக்குப் பூஜ்யம், ஒருவரும் கண்டுபிடிக்காவிட்டாலும் பூஜ்யம். ரொம்பத் தெளிவாகச் சொன்னாலும் மாட்டிக்கொள்வோம் என்பதால் சின்னப் பையன் வாயில் வரும் கோணல்மாணல் வரிகளுக்குத்தான் இதில் புள்ளி அதிகம். பாட்டிக்குச் சின்ன எழுத்துப் பிரச்சினையும் இல்லை.

கட்டம்தாண்டி:
தமிழ்ச் சீட்டு யோசனை அருமை, இன்றைக்கே எழுத ஆரம்பிக்கிறேன். ஆனால் சித்தப்பா பையன்கள் மோனோபோலி இல்லாமல் வரமாட்டோம் என்கிறார்கள். போன தடவை வேறொரு வீட்டில் நாலு மணி நேரம் இழுத்ததாம், மூன்று பேர் திவாலாகி மூலையில் உட்கார்ந்திருந்தார்களாம். என்ன செய்வது?

ஏலம்விடு:
மோனோபோலி இழுப்பதற்குப் பாதிக் காரணம் நாமாகச் சேர்த்துக்கொண்ட விதிகள். அபராதம், வரி எல்லாவற்றையும் பலகை நடுவில் போட்டுவைத்து ஃப்ரீ பார்க்கிங்கில் நிற்பவருக்குத் தருவது விதிப் புத்தகத்தில் இல்லவே இல்லை. பணம் உள்ளே வந்துகொண்டே இருந்தால் யார் திவாலாவது? அடுத்தது, நின்ற இடத்தை ஒருவர் வாங்கவில்லையென்றால் அது உடனே ஏலத்துக்குப் போக வேண்டும். முக்கால்வாசி வீடுகளில் இதைச் செய்வதே இல்லை. ஏலம் விட்டால் மனைகள் சீக்கிரம் தீரும், ஆட்டமும் சுருங்கும். வீடுகள் மொத்தம் 32, ஹோட்டல் 12, தீர்ந்துவிட்டால் அவ்வளவுதான், தாளில் வெட்டி ஒட்டக்கூடாது. இவ்வளவும் செய்துவிட்டு ஒன்றரை மணி நேரம் என்று கடிகாரம் வையுங்கள், மணி அடித்ததும் சொத்தைக் கூட்டிப் பாருங்கள்.

இதில் ஒரு வேடிக்கை என்னவென்றால், இதன் மூலமான ஆட்டத்துக்கு 1904-இல் காப்புரிமை வாங்கிய எலிசபெத் மேகி அதைச் செய்ததே நிலமெல்லாம் ஒருவர் கையில் சேர்ந்தால் மற்றவர்கள் என்ன ஆவார்கள் என்று காட்டத்தான். அந்த மூலையில் உட்கார்ந்திருந்த மூன்று பேருக்கும் பாடம் நன்றாகவே ஏறியிருக்கும்.

யூனோவுக்கும் இதே கதை. பிளஸ் 2 மேல் பிளஸ் 2 அடுக்கி அடுத்தவர் தலையில் கட்டுவது அசல் விதியில் கிடையாது. பிடித்திருந்தால் ஆடுங்கள், தப்பில்லை, ஆனால் சீட்டைக் கலைக்கும் முன்பே எந்த விதி என்று பேசிவிடுங்கள். ஆளாளுக்கு ஒரு விதியை வைத்துக்கொண்டு நடுவில் "போங்கு" என்று கத்துவதுதான் எல்லாச் சண்டைக்கும் ஆரம்பம்.

வெள்ளைக்காய்:
அந்தத் தம்பிகளை எதிரெதிராக உட்கார வைக்காமல் ஒரே பக்கம் சேர்த்துவிட்டால் என்ன? பாண்டெமிக் மாதிரி எல்லாரும் கூட்டாக ஆட்டத்தை எதிர்த்து ஆடுவது இருக்கிறதே. அதில் ஒரு ஆபத்தும் உண்டு, விவரம் தெரிந்த ஒருவர் மற்ற மூவருக்கும் "நீ இங்கே போ, நீ அதைச் செய்" என்று கட்டளை போட்டு ஒற்றை ஆளாக ஆடிவிடுவார். அது நடக்காமல் இருக்க ஹனாபி நல்லது. சீட்டை நமக்கு முதுகு தெரிகிற மாதிரி பிடிக்க வேண்டும், நம் கையில் என்ன இருக்கிறது என்று மற்றவர்களுக்குத்தான் தெரியும், அவர்கள் தரும் துப்பை நம்பித்தான் போட முடியும். எப்போதும் முட்டிக்கொள்ளும் இரண்டு பேருக்கு இதைவிடப் பொருத்தமானது கிடையாது.

கட்டம்தாண்டி:
ஹனாபி ஒரு நண்பனிடம் இருக்கிறது, கேட்டுவிட்டேன். கடைசியாக ஒன்று, நாள் முழுக்கப் புள்ளி கூட்டி ஒரு சாம்பியன் பரிசு வைக்கலாமா?

சும்மாஒருகை:
வேண்டாம். மத்தியானத்துக்குள் யார் முன்னால் இருக்கிறார்கள் என்று தெரிந்துவிடும், பின்னால் இருப்பவர்களுக்கு மிச்ச நாள் எதற்கு? பரிசு வைத்தே ஆகவேண்டுமென்றால் நேராகப் பார்த்துக்கொண்டே பொய் சொன்னவர், ஒரே ஆட்டத்தில் அதிகம் சீட்டு அள்ளியவர் என்று ஏதாவது கொடுங்கள். இரவு பெட்டியை மூடும் முன் டிக்கெட் டு ரைட் ரயில்களை எண்ணிவிடுங்கள், நிறத்துக்கு 45. உபரியாக மூன்று மூன்று பெட்டியில் இருக்கும், சின்னவன் ஒன்றைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு போனாலும் ஆட்டம் நிற்காது.